ஹங்கேரிக்காரரின் ஏழாம் நம்பர்

"எங்கப்பா ஹங்கேரி நாட்டு சினிமா மியூசிக் டைரக்டரோட சேர்ந்து வேலை செஞ்சவர்" என்று நீங்கள் இரண்டு பேரும் பள்ளிக்கூடத்தில் சொல்லிக்கொண்டு திரிவதாகப் பெற்றோர் கூட்டத்தில் உங்கள் டீச்சர் சொன்னார். "சார், மியூசிக் ஃபீல்டுன்னு சொல்லவே இல்லையே. ஆண்டு விழாவுக்கு ஏதாவது பண்ணிக் குடுங்க" என்றும் கேட்டார். நான் பத்தாவது வரை படித்தவன். டீச்சர் கேள்வி கேட்டால் எழுந்து நின்று முழிக்கிற பழக்கம் இன்னும் என்னை விட்டுப் போகவில்லை. தலையை ஆட்டிவிட்டு வந்துவிட்டேன்.

அதனால் நடந்ததை நடந்தபடி எழுதிவைக்கிறேன். படித்த பிறகும் பெருமையாக இருந்தால் தாராளமாகச் சொல்லிக்கொள்ளுங்கள்.

முதலில் என் தொழில். கிழக்குத் தாம்பரம் கேம்ப் ரோட்டில் நம் கடைப் பலகையில் 'வீடியோ மிக்ஸிங்' என்று எழுதியிருப்பதைப் பார்த்திருக்கிறீர்கள். கல்யாணத்தில் ஆறு மணி நேரம் எடுத்ததை இரண்டு மணி நேரமாகச் சுருக்கி, அந்த இரண்டு மணி நேரத்தையும் ஒருவரும் உட்கார்ந்து பார்க்க முடியாதபடி செய்வதுதான் மிக்ஸிங். மாப்பிள்ளையும் பெண்ணும் தாமரைப்பூவுக்குள்ளிருந்து எழுந்து வருவார்கள். பம்மலைத் தாண்டாதவர்கள் பனிமலை முன்னால் கை கோத்து நிற்பார்கள். இதைப் பார்த்துவிட்டு எல்லோரும் "சூப்பரா இருக்குண்ணா" என்பார்கள். அதற்குப் பிறகு அந்த வீடியோ பீரோவில் பட்டுப்புடவைக்கு அடியில் பத்திரமாக இருக்கும்.

இந்தத் தொழிலில் ஒரே ஒரு கஷ்டமான இடம் தாலி கட்டுகிற இடம். வருஷக்கணக்காகப் பெண் தேடி, ஜாதகம் பார்த்து, மண்டபம் பிடித்து நடத்துகிற கல்யாணத்தில் அந்தக் காரியம் மட்டும் அரை நிமிஷத்தில் முடிந்துவிடும். மாப்பிள்ளை ஒரு முடிச்சுப் போடுவார், மீதியை நாத்தனார் போடுவார், தீர்ந்தது. இவ்வளவு சீக்கிரம் முடிந்தால் யாருக்கும் திருப்தி இருக்காது. அதனால் ஸ்லோ மோஷன் போட்டு நாலு நிமிஷமாக இழுக்க வேண்டும். படத்தை இழுக்கலாம், கெட்டிமேளத்தை இழுக்க முடியாது. இழுத்தால் யானைக்கு வயிற்றுவலி வந்த மாதிரி ஒரு சத்தம் வரும். ஏர்போர்ட்டை ஒட்டிய பொழிச்சலூர் பக்கத்துக் கல்யாணம் என்றால் அதுவும் கிடைக்காது. சரியாக முகூர்த்த நேரத்தில் ஒரு விமானம் தலைக்கு மேலே இறங்கி மேளத்தை விழுங்கிவிட்டுப் போகும். ஆக அந்த நாலு நிமிஷத்துக்கு வேறு இசை வேண்டும்.

எனக்கு அது தற்செயலாகக் கிடைத்தது. கடை ஆரம்பித்தபோது, மூடிப்போன ஒரு விளம்பர ஆபீஸின் பழைய கம்ப்யூட்டரை வாங்கினேன். அதில் ஒரு ஃபோல்டரில் பன்னிரண்டு இசைத்துண்டுகள் இருந்தன. யார் போட்டது, எந்த ஊர் என்று ஒன்றும் இல்லை, வெறும் நம்பர்கள். ஏழாம் நம்பரில் முதலில் ஒரே ஒரு வயலின் வரும். பிறகு ஒவ்வொன்றாக மற்ற வயலின்கள் வந்து சேரும். அடியில் ஏதோ ஒன்று தொம், தொம் என்று நடந்துகொண்டே இருக்கும். மிகச் சரியாக நாலு நிமிஷம். அட்சதை மெதுவாகப் பறந்து வரும்போது அந்த வயலின்கள் உயர்ந்தால், பெண்ணைப் பெற்றவர்கள் அழுவார்கள். பிள்ளையைப் பெற்றவர்கள்கூட அழுதிருக்கிறார்கள். அந்த நாலு நிமிஷத்தால்தான் கடை நின்றது. சேலையூர், செம்பாக்கம், பம்மல், பொழிச்சலூர் எங்கும் "அந்த வயலின் போட்டுடுங்கண்ணா" என்று சொல்லித்தான் அட்வான்ஸ் கொடுப்பார்கள். உங்கள் அம்மா கழுத்தில் நான் தாலி கட்டுகிற இடத்திலும் ஏழாம் நம்பர்தான். என் கல்யாண வீடியோவை நானே மிக்ஸ் செய்தேன். அதில் நான் தாமரையிலிருந்து வருவதைப் பார்த்து நீங்கள் சிரித்தது எனக்கு ஞாபகம் இருக்கிறது.

இப்படி ஒரு குறையும் இல்லாமல் போய்க்கொண்டிருந்தபோது புடாபெஸ்டிலிருந்து ஒரு போன் வந்தது. ஹங்கேரியின் தலைநகரம் அது. எனக்கும் அன்றுதான் தெரியும். பேசியது, எட்டு மாதம் முன்னால் நான் வீடியோ எடுத்த சிட்லபாக்கத்து மாப்பிள்ளை. வேலை கிடைத்து மனைவியோடு அங்கே போயிருந்தார்.

"அண்ணா, ஒரு சின்னப் பிரச்சனை" என்றார்.

கல்யாணமாகி எட்டு மாதத்தில் மாப்பிள்ளை பிரச்சனை என்று சொன்னால், அது நான் வீடியோ போட்டுக் கொடுத்த ஹார்ட் டிஸ்க்கைப் பற்றியதாக இருக்கும் அல்லது பெண்ணைப் பற்றியதாக இருக்கும். இரண்டாவதற்கு நான் கியாரண்டி கொடுப்பதில்லை. என்னவென்று கேட்டேன்.

"டிவில நம்ம கல்யாண வீடியோ ஓடிட்டு இருந்துச்சு. கீழ் வீட்டுப் பெரியவர் வந்து கதவைத் தட்டினார். சத்தம் ஜாஸ்தின்னு திட்ட வந்திருக்கார்னு நினைச்சு குறைச்சேன். குறைக்காதேன்னு கை காட்டறார். நின்ன இடத்துலயே நின்னு நாங்க தாலி கட்டுறதை முழுசாப் பார்த்தார். திரும்பப் போடச் சொன்னார். மூணு வாட்டி போட்டாச்சுண்ணா. அந்த வயலின் அவர் எழுதினதாம்."

"அந்த மாதிரி யார் வேணா சொல்லலாம் தம்பி."

"கீழ போய் மியூசிக் நோட்டு எடுத்துட்டு வந்து காட்டறார். கையால எழுதினது. உங்க மெயில் ஐடி கேக்கறார். குடுக்கட்டா?"

குடுக்காதே என்று சொல்ல வாயெடுத்தேன். அதற்குள் குடுத்துவிட்டார். நம் ஊர்ப் பையன்கள் வெளிநாட்டுக்குப் போனதும் முதலில் கற்றுக்கொள்வது நேர்மை.

இரண்டு நாள் கடை வாசலில் நின்ற ஒவ்வொரு வண்டியையும் எட்டி எட்டிப் பார்த்தேன். பல வருஷமாக அடுத்தவர் இசையை எடுத்து ஊருக்கெல்லாம் தாலி கட்டியிருக்கிறேன். போலீஸ் வருமா, ஹங்கேரியிலிருந்து வருமா, தாம்பரத்திலிருந்தே வருமா என்று யோசித்துக்கொண்டிருந்தேன். வந்தது ஒரு மெயில். அவர் தன் பாஷையில் எழுதியிருந்தார். ஃபோன் அதைத் தமிழாக்கியது. 'மதிப்புக்குரிய திருமண இயந்திரத்தாரே' என்று ஆரம்பித்தது. இவ்வளவு மரியாதையாக என்னை யாரும் கூப்பிட்டதில்லை.

பிறகு மாதக்கணக்கில் எழுதிக்கொண்டோம். அவருடைய வாழ்க்கைக் கதையை அப்படித்தான் தெரிந்துகொண்டேன். அவருக்கு எண்பத்தொரு வயது. ஒரு காலத்தில் அவர்கள் ஊரில் சினிமா எடுப்பதே அரசாங்கம்தான். அந்த ஸ்டூடியோவில் மாதச் சம்பளத்துக்கு இசை எழுதினார். டிராக்டர் தொழிற்சாலையைப் பற்றிய செய்திப்படம், பல் தேய்ப்பது எப்படி என்ற படம், துப்பறியும் தொடர், பொம்மைப்படம், எல்லாவற்றுக்கும் எழுதினார். சினிமாவில் நல்ல இசை என்பது யாரும் கவனிக்காத இசை என்று அவருடைய வாத்தியார் சொல்லிக்கொடுத்தாராம். அந்தப் பாடத்தில் இவர்தான் முதல் மார்க். முப்பது வருஷம் ஒருவரும் கவனிக்கவில்லை.

அரசாங்கம் மாறியதும் ஸ்டூடியோவை மூடிவிட்டார்கள். தயிர் விளம்பரத்துக்கும் சோப்புத்தூள் விளம்பரத்துக்கும் எழுதினார். இருந்த இசைத்துண்டுகளையெல்லாம், யார் வேண்டுமானாலும் எதற்கு வேண்டுமானாலும் போட்டுக்கொள்ளலாம் என்று ஒரு கம்பெனிக்கு மொத்தமாக விற்றுவிட்டார். நம் பழைய கம்ப்யூட்டருக்கு ஏழாம் நம்பர் வந்து சேர்ந்தது அந்த வழியில்தான். பிறகு வந்தது பெரிய வேடிக்கை. உலகத்து சினிமாக்காரர்களெல்லாம், நம் தமிழ் சினிமாக்காரர்கள் உட்பட, வயலின் கூட்டம் வேண்டுமென்றால் புடாபெஸ்டுக்குப் போக ஆரம்பித்தார்கள். எண்பது பேர் உட்கார்ந்து வாசிக்கிற அந்த ஹாலில் இவருக்கும் ஒரு வேலை கிடைத்தது. மற்றவர்கள் எழுதிய இசையைத் தாள் தாளாகப் பிரதியெடுத்து வாசிக்கிறவர்கள் முன்னால் வைக்கிற வேலை. 'உங்கள் ஊர்ப் படங்களுக்கும் தாள் வைத்திருக்கிறேன், நிறைய வயலின் கேட்கிறார்கள்' என்று எழுதியிருந்தார். உலகப் புகழ் என்பது பக்கத்தில் வந்து உட்கார்ந்துவிட்டு எழுந்துபோவதும் உண்டு.

சரி, ஏழாம் நம்பரை எந்தப் படத்துக்கு எழுதினீர்கள் என்று கேட்டேன். கேட்காமல் இருந்திருக்கலாம்.

ஒரு சின்ன ஊரில் ஒரு வண்டிக்காரர். புது லாரி வந்துவிட்டது. வயதான வண்டிக்குதிரையைக் கசாப்புக்கடைக்குக் கூட்டிப்போகிறார். நாலு நிமிஷம் பேச்சே கிடையாது. குதிரை எங்கே போகிறோம் என்று தெரியாமல் கூடவே நடக்கிறது. அந்த நாலு நிமிஷம்தான் ஏழாம் நம்பர். அடியில் வருகிற தொம், தொம், குதிரையின் நடை. அந்த வேகம் சரியாக வர வேண்டும் என்று கையில் கடிகாரத்தோடு மூன்று நாள் ஒரு வண்டிக்குதிரையோடு நடந்தாராம்.

நான் மெயிலை இரண்டாவது தடவை படித்தேன். ஃபோன் தப்பாக மொழிபெயர்த்திருக்கும் என்ற நம்பிக்கையோடு படித்தேன். இந்த ஒரு தடவை அது சரியாகச் செய்திருந்தது.

ஆக, கிழக்குத் தாம்பரம் முதல் பொழிச்சலூர் வரை எத்தனையோ மாப்பிள்ளைகளை நான் கசாப்புக்கடைக்கு நடத்திக்கொண்டு போயிருக்கிறேன். அதைப் பார்த்து அவர்களுடைய பெற்றோர் ஆனந்தக் கண்ணீர் விட்டிருக்கிறார்கள்.

உங்கள் அம்மாவிடம் சொன்னேன். அவள் முருங்கைக்கீரை ஆய்ந்துகொண்டிருந்தாள். தலையைத் தூக்கவில்லை.

"அப்போ நம்ம வீடியோலயும் அதே தானா?"

"அதே தான்."

"அதுல குதிரை யாருங்க, நீங்களா நானா?"

நான் ஒரு கட்டுக் கீரையை எடுத்து ஆய உட்கார்ந்தேன்.

மெயிலின் கடைசியில்தான் விஷயம் இருந்தது. அந்தக் காட்சி ரொம்பச் சோகமாக இருக்கிறது என்று மேலிடத்தில் வெட்டிவிட்டார்களாம். குதிரை போனதும் இசையும் போனது. மீதி இடங்களுக்குப் பழைய ரெக்கார்டுகளைப் போட்டு ஒப்பேற்றியதால், டைட்டிலிலிருந்து இவர் பெயரும் போனது. தான் எழுதியதிலேயே நல்லது அதுதான் என்றும், அது எந்தத் திரையிலும் ஓடவில்லை என்றும், தாம்பரத்துக் கல்யாணங்களில் மட்டும்தான் ஓடியிருக்கிறது என்றும் எழுதியிருந்தார். 'பணம் வேண்டாம். அந்த இசையை விற்றுவிட்டேன், அது என்னுடையது இல்லை. ஒரே ஒரு தடவை, அது ஓடுகிற திரையில் என் பெயர் வர வேண்டும். செய்வீர்களா?'

செய்வதற்கு இரண்டு நிமிஷ வேலை. ஆனால் அந்த நேரத்தில் என் கையில் இருந்த கல்யாணம் யாருடையது என்று சொன்னால்தான் உங்களுக்கு என் நிலைமை புரியும்.

பொழிச்சலூர் அண்ணனை உங்களுக்குத் தெரியும். தீபாவளிக்கு ஸ்வீட் பாக்ஸ் அனுப்புவாரே, அவர்தான். ஒரு காலத்தில் நெல் போட்ட இடமெல்லாம் இப்போது வாடகைக்கு வீடு கட்டி விட்டிருக்கிறார். அவர் வகையறாவில் வருஷத்துக்குப் பத்துக் கல்யாணமாவது நடக்கும். பத்தும் நம் கடைக்குத்தான் வரும். அவர் வேண்டாம் என்று ஒரு வார்த்தை சொன்னால் நான் பாஸ்போர்ட் சைஸ் போட்டோ எடுத்துத்தான் பிழைக்க வேண்டும். சகுனம் பார்ப்பதில் அவரை மிஞ்ச ஆள் இல்லை. தங்கை மகள் கல்யாண ஆல்பத்தைத் திருப்பி அனுப்பினார். "பொண்ணு தலைக்கு நேரா செவுத்துல பல்லி கீது தம்பி. இத்த வூட்ல வெச்சிக்க முடியுமா?" என்றார். பதினாறு போட்டோவில் பல்லியை அழித்துக் கொடுத்தேன். பல்லிக்கே இப்படி என்றால், கசாப்புக்கடைக்குப் போகிற குதிரைக்கு என்ன சொல்வார்? நடந்துமுடிந்த அத்தனை கல்யாணங்களையும் எண்ணிப் பார்த்து, விலகி இருக்கிற ஜோடிகளையெல்லாம் என் கணக்கில் சேர்ப்பார்.

அவருடைய ஒரே மகள் கல்யாணம் அது. ரிசப்ஷனில் பெரிய எல்.இ.டி. திரை வைத்து, கல்யாணத்துக்கு முன்னாலேயே கோவளத்தில் வீடியோ எடுத்துப் போட வேண்டும் என்றார். "வயலின் அதே தான். நம்ம வூட்ல எல்லாருக்கும் அதான் ராசி" என்றும் சொல்லிவிட்டார்.

பெண்ணையும் மாப்பிள்ளையையும் கூட்டிக்கொண்டு கோவளத்துக்குக் காலையில் போனோம். படகு முன்னால், வலை முன்னால், மீன் ஏலம் விடுகிற இடத்துக்குக் கொஞ்சம் தள்ளி மூக்கைப் பொத்தியபடி, எல்லாம் எடுத்தோம். அப்போது கரையில் ஒருவர் சவாரிக்குதிரையைப் பிடித்துக்கொண்டு வந்தார். எலும்பு எண்ணக்கூடிய குதிரை. மாப்பிள்ளைக்கு உடனே ராஜகுமாரன் ஆசை வந்துவிட்டது. ஏறினார். குதிரை நகரவில்லை. இறங்கி, கயிற்றைப் பிடித்து நடந்தார். உடனே அதுவும் தலையைத் தொங்கப்போட்டுக்கொண்டு கூடவே நடந்தது. தண்ணீரை ஒட்டி ரொம்ப தூரம் போனார்கள். நான் நிறுத்தச் சொல்லவே இல்லை. மெயிலில் படித்த குதிரைதான் என் கேமராவுக்குள் நடந்துகொண்டிருந்தது.

கடைக்கு வந்து அந்தக் காட்சிக்கு ஏழாம் நம்பரைப் போட்டுப் பார்த்தேன். ஒரு இடத்தில்கூட நான் இழுக்கவோ வெட்டவோ வேண்டியிருக்கவில்லை. குதிரையின் கால் மணலில் விழுகிற இடத்தில் எல்லாம் தொம், தொம். இத்தனை வருஷத்தில் அந்த இசை அவ்வளவு சரியாக எதிலும் உட்கார்ந்ததில்லை, என் கல்யாணம் உட்பட.

பிறகு அவர் பெயரைப் போட்டேன். எவ்வளவு தைரியமாகப் போட்டேன் தெரியுமா? கடைசியில், எல்லாச் சொந்தக்காரர்கள் பெயருக்கும் அப்புறம், கேட்டரிங்காரர் பெயருக்கும் கீழே, மிகப் பொடி எழுத்தில், இரண்டு விநாடிக்கு. 'இசை' என்று போட்டு அவர் பெயர். அவர்கள் ஊரில் குடும்பப் பெயர்தான் முன்னால் வருமாம், நம் இனிஷியல் மாதிரி. அந்த முறைப்படியே போட்டேன். இதுதான் நான் அந்த மனிதருக்குச் செய்த பெரிய நியாயம்.

பார்த்து ஓகே சொல்ல அண்ணன் கடைக்கு வந்தார். டீ வாங்கிக் கொடுத்து உட்காரவைத்து ஓட்டினேன். குதிரை வந்ததும் கையைத் தூக்கினார்.

"இன்னா தம்பி இது, குதிரை இவ்ளோ நோஞ்சானா கீது. சம்பந்தி வூட்டுக்காரங்க பாத்தா இன்னா நெனப்பாங்க? இத்த வெட்டிடு."

"நடை நல்லா வந்துகீதேண்ணா."

"நடை நல்லா கீது, குதிரை நல்லா இல்ல. வெட்டு."

அவர் எதிரிலேயே வெட்டினேன். நாலு நிமிஷக் குதிரையும் போய், அதே வயலினுக்குப் படகும் அலையும் வந்து அந்த இடத்தில் உட்கார்ந்தன. வீடியோ முடிகிற இடத்தில் நான் டீ கிளாஸை எடுக்கிற மாதிரி அவர் பார்வையை மறைக்கப் பார்த்தேன். முடியவில்லை.

"நில்லு. பின்னால போ. இன்னாது அது, 'இசை'ன்னு? யாரு இது?"

"மியூசிக் போட்டவருண்ணா. நம்ம வயலின் அவரோடது. ஹங்கேரிக்காரர்."

அவர் திரையையே பார்த்தார்.

"உயிரோட கீறாரா?"

"கீறாருண்ணா. நேத்துகூட மெயில் வந்துச்சு."

"செத்தவங்க பேரு கல்யாணத்துல வரக்கூடாது, அதுக்குக் கேட்டேன். எந்தப் படத்துக்குப் போட்டாரு இத்த?"

பொய் சொல்லலாம். நாக்கு நுனியில் நாலு பொய் தயாராக இருந்தது. ஆனால் அந்தக் கிழவர் எல்லாவற்றையும் எனக்கு நேராக எழுதியிருந்தார்.

"அது ஒரு குதிரைப் படம்ணா."

"குதிரையா? கடைசில குதிரை ஜெயிக்குதா?"

"இல்லண்ணா. வண்டிக்குதிரை. வயசானதும் கறிக்கடைக்கு இட்டுனு போறாங்க. அந்த சீனுக்குத்தான் இது எழுதினாரு. அப்புறம் அந்த சீனையே படத்துலேர்ந்து எடுத்துட்டாங்க."

சொல்லிவிட்டேன். பாஸ்போர்ட் போட்டோவுக்கு நீலத்திரை வாங்கலாமா, வெள்ளைத்திரை போதுமா என்று யோசிக்க ஆரம்பித்தேன்.

அண்ணன் மிச்ச டீயைக் குடித்தார். கிளாஸை வைத்தார்.

"எடுத்துட்டாங்க இல்ல?"

"எடுத்துட்டாங்கண்ணா."

"பாத்தியா? நானும் அதான சொன்னேன், குதிரை வேணாம்னு. அந்த ஊர்க்காரனுக்கே தெரிஞ்சிகீது. குதிரை போச்சுன்னா தோஷமும் போச்சு." திரையில் நின்ற பெயரைக் காட்டினார். "ஆமா, ஹங்கேரி ஃபாரின் தான?"

"ஃபாரின் தாண்ணா."

"அப்பால இன்னாத்துக்கு இத்த எறும்பு மாதிரி போட்டுகீற? பேஜார் புடிச்சவன்டா நீ. ஃபாரின்காரன் மியூசிக் போட்டுகீறான், கேட்டரிங்காரனுக்குக் கீழ வெச்சுகீறியே. புள்ளையாருக்கு அப்புறம் போடு. பெரிசா போடு. சம்பந்தி எங்க குந்துனாலும் தெரியணும்."

இத்தனை மாதம் நான் பயந்த பயத்தை அவர் அரை டம்ளர் டீ குடிக்கிற நேரத்தில் முடித்துவைத்தார்.

தாம்பரத்து மண்டபத்தில், ஒரு சுவரை முழுதாக அடைத்த திரையில், முதலில் பிள்ளையார் வந்தார். அடுத்து அவருடைய பெயர் வந்தது. ஒரு ஆள் உயரத்துக்குத் தமிழ் எழுத்து. தங்கக் கலர், ஓரத்தில் மின்னல், இரண்டு பக்கமும் மயில். மயில் வேண்டாம் என்று நான் சொல்லிப் பார்த்தேன். பத்து விநாடி நின்றது. அண்ணன் மைக்கை வாங்கி, "நம்ம கல்யாணத்துக்கு ஹங்கேரிலேர்ந்து மியூசிக்" என்று அறிவித்தார். பந்திக்கு எழுந்தவர்கள் ஒரு நிமிஷம் நின்று பார்த்துவிட்டுப் பந்திக்கே போனார்கள். நான் அதை ஃபோனில் எடுத்து அவருக்கு அனுப்பினேன். அண்ணன் வெட்டச் சொன்ன நாலு நிமிஷத்தையும் தனியாக அனுப்பினேன். அதிலும் அவர் பெயர் இருந்தது. மயில் இல்லை.

மண்டபத்து வீடியோவைப் பற்றி அவர் ஒரே வரிதான் எழுதினார். 'இவ்வளவு பெரிய எழுத்தில் என் பெயரை நானே எழுதியதில்லை, அந்தப் பறவைகள் யார்?' மற்றதெல்லாம் குதிரையைப் பற்றித்தான். பதினோரு தடவை பார்த்தாராம். வேகம் சரியாக இருக்கிறதாம். கையில் கடிகாரத்தை வைத்துக்கொண்டு சரிபார்த்தாராம். 'உங்கள் ஊரிலும் குதிரையை வெட்டிவிட்டார்கள் என்று எழுதியிருக்கிறீர்கள். வாடிக்கையாளர்கள் எல்லா நாட்டிலும் ஒன்றுதான். ஆனால் ஒன்று தெரிய வேண்டும். படம் முடிந்த பிறகு அந்தக் குதிரையை எங்கே கொண்டுபோனார்கள்?'

அவர் ஏன் கேட்கிறார் என்று எனக்கு உடனே புரியவில்லை. புரிந்ததும் கோவளத்துக்கு போன் போட்டு, குதிரைக்காரரிடம் விசாரித்துவிட்டே பதில் எழுதினேன். 'ஐயா, அன்றைக்கு எங்களுக்குப் பிறகு இன்னும் மூன்று ஜோடிகளுக்கு அது நடந்தது. இப்போதும் நடக்கிறது. ஞாயிற்றுக்கிழமை என்றால் முன்பே சொல்லிவைக்க வேண்டும். மற்றபடி சௌக்கியம்.'

பதிலாக ஒரு வார்த்தை வந்தது. ஃபோன் அதை 'நன்று' என்று மொழிபெயர்த்தது.

ஆகவே நான் அவரோடு சேர்ந்து வேலை செய்தேன் என்று சொல்லாதீர்கள். அவர் வேலை செய்து வைத்திருந்ததை நான் எடுத்துப் போட்டேன், அவ்வளவுதான். இப்போது எல்லாக் கல்யாணக்காரர்களும் "அந்த ஃபாரின் பேரையும் போட்டுடுங்கண்ணா" என்கிறார்கள். போடுகிறேன். சிலர் மயிலும் கேட்கிறார்கள்.

டீச்சரிடம் நாளைக்குச் சொல்லுங்கள். ஆண்டு விழாவுக்கு இசை தருகிறேன், நாலு நிமிஷம், வயலின். அழைப்பிதழில் பெயர் போட வேண்டும். என் பெயர் இல்லை.